நாவிலிருந்து செவிக்கு
முத்துக்குளித்துறையும் ஒலிப்பதிவுக் கல்வியும்

ஓதப் பள்ளியில் நாம் அமர்ந்த முதல் நாளன்று உஸ்தாத் அவர்கள் நமக்கு எழுத்தைக் காட்டவில்லை. ஒலியைக் கேட்கச் செய்தார்கள். அவர்கள் சொல்ல நாம் செவிமடுத்தோம்; நாம் திரும்பச் சொல்ல, பிழையென்று அவர்கள் தலையசைத்தார்கள்; மீண்டும் சொன்னோம். இவ்வாறே அலிஃப் முதல் யா வரை சென்றது பாடம். நூல் பின்னரே கைக்கு வந்தது. ஒருவர் நாவிலிருந்து மற்றவர் செவிக்கும், அச்செவியுடையார் நாவிலிருந்து அடுத்தவர் செவிக்கும் இடையறாது வரும் இத்தொடரையே நம் முன்னோர் இஸ்னாத் என்றனர். மார்க்கக் கல்வியின் முதுகெலும்பு அதுவே என்பதை யாவரும் அறிவர்.

இன்று ஒலியைப் பதிவதும், பதிந்ததைத் தூய்மை செய்வதும், பல ஒலிகளை இணைத்து ஒன்றாக்குவதும் தனியொரு கல்வியாக வளர்ந்து நிற்கின்றன. நம் கரையோரப் பிள்ளைகளும் அதைக் கற்கச் சென்னைக்குச் செல்கின்றனர். “இது கூத்துக்காரர் தொழிலாயிற்றே, தீனுடைய பிள்ளைக்கு இதில் என்ன வேலை?” என்று பெரியவர்கள் கேட்பதுண்டு. இளமையில் நாமும் அவ்வாறு கேட்டவர்தாம். அக்கேள்விக்கு இக்கரையின் வரலாறே விடை வைத்திருக்கிறது. அதனை நாம் உணர்வதற்குள் இழக்கக்கூடாத ஒன்றை இழந்தோம். இரண்டையும் ஈண்டு எடுத்துரைப்போம்.

எழுத்தில் பிடிபட்ட ஒலி

ஒலியைப் பிடித்துவைக்கும் முயற்சி முத்துக்குளித்துறைக்குப் புதிதன்று. அரபு நெடுங்கணக்கில் ‘ப’ இல்லை, ‘ழ’ இல்லை, ‘ங’ இல்லை. ஆயினும் அரபு எழுத்திலேயே தமிழை எழுத விரும்பிய நம் முன்னோர், உள்ள எழுத்துகளின் மேலும் கீழும் புள்ளிகளைக் கூட்டித் தமிழ் ஒலிகளுக்கு உருவம் கொடுத்தனர். அதுவே அரபுத்தமிழ். காயல்பட்டினத்தில் 1816இல் பிறந்து கீழக்கரையில் வாழ்ந்து 1898இல் மறைந்த இமாமுல் அரூஸ் மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (ரஹ்) போன்ற பெரியார்கள் அவ்வெழுத்தில் நூல்கள் யாத்தனர். ஓர் ஒலிக்கு எழுத்தில்லை என்றால் ஒலியைக் கைவிடாது எழுத்தைத் திருத்தியவர்கள் அவர்கள். இது நினைவில் வைக்கத்தக்க செய்தி.

அச்சுக்கலையும் இக்கரைக்கு வெகு முன்னரே வந்தது. காயலுக்கு அண்மையிலுள்ள புன்னைக்காயலில் 1586இல் அண்டிரிக் பாதிரியாரின் ‘அடியார் வரலாறு’ தமிழில் அச்சேறியது. சொல்லை அச்சிலேற்றும் கருவி இவ்வளவு முந்தி வந்துவிட்டது. சொல்லின் ஓசையைப் பதிக்கும் கருவி உலகில் தோன்றவே மேலும் ஏறத்தாழ 300 ஆண்டுகள் ஆயின.

அந்த இடைவெளியை நிரப்பிய பேருழைப்பு ஒன்று தூத்துக்குடிக்கு வடமேற்கே எட்டயபுரத்தில் நிகழ்ந்தது. சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவர் அடங்கியிருக்கும் ஊர் அதுவேயாகும். அவ்வூர் அரசவையில் இருந்தவர் சுப்பராம தீட்சிதர் (1839–1906). முத்துசாமி தீட்சிதரின் கீர்த்தனங்கள் அவர் குடும்பத்தில் நாவழியாக வந்த செல்வம். அதை எழுத்தில் ஏற்றுமாறு ஊக்கியவர் சென்னையைச் சேர்ந்த சின்னசாமி முதலியார் என்னும் கிறிஸ்தவ அன்பர். பொருளுதவி செய்தது எட்டயபுரம் அரசு. ‘சங்கீத சம்பிரதாயப் பிரதர்சினி’ என்னும் அப்பெருநூல் 1904இல் எட்டயபுரம் வித்யா விலாசினி அச்சகத்திலிருந்து தெலுங்கு எழுத்தில் வெளிவந்தது.

அதில் எழுந்த இடர்ப்பாடு யாது? ஏழு சுரங்களின் பெயரை எவரும் எழுதிவிடலாம். ஆனால் ஒரு சுரம் அசைவதும், வழுக்குவதும், நடுங்குவதுமாகிய கமகத்தை எவ்வாறு எழுதுவது? அதற்கென ஒவ்வொரு கமகத்துக்கும் தனிக் குறி வகுத்து, அக்குறிகளையும் சுரங்களோடு அச்சில் கோத்தனர். நம்மவர்க்கு இது எளிதில் விளங்கும். பஸராவின் கலீல் இப்னு அஹ்மத் (ரஹ்) எட்டாம் நூற்றாண்டில் உயிரொலிக் குறிகளை வகுத்ததும், முஸ்ஹஃபில் நீட்டலுக்கும் நிறுத்தலுக்கும் அடையாளங்கள் இட்டதும் இதே நோக்கத்துக்காகவே. எனினும் குறியைப் பார்த்து மட்டும் எவரும் ஓதக் கற்றதில்லை, பாடக் கற்றதுமில்லை. குறி, கேட்டவருக்கு நினைவூட்டும். கேளாதவருக்கு ஊமையாகவே நிற்கும்.

தயக்கமும் துணிவும்

ஒலியை நாவுக்கு வெளியே சேமித்துவைப்பதில் தயக்கம் காட்டுவது நம் வரலாற்றிலேயே உள்ள ஒன்றுதான். யமாமா போரில் குர்ஆனை நெஞ்சில் தாங்கிய காரிகள் பலர் ஷஹீதானபோது, திருமறையை ஒன்றுதிரட்ட வேண்டும் என்று உமர் (ரலி) அவர்கள் வேண்டினார்கள். நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் செய்யாத ஒன்றை நாம் எவ்வாறு செய்வது என்று அபூபக்கர் ஸித்தீக் (ரலி) அவர்கள் முதலில் தயங்கினார்கள். பின்னர் அல்லாஹ் அவர்களின் உள்ளத்தை விரியச் செய்தான். பணியை ஏற்ற ஸைத் இப்னு ஸாபித் (ரலி) அவர்கள், பேரீச்ச மட்டைகளிலும் கற்களிலும் எழுதப்பட்டவற்றோடு மனிதர் நெஞ்சங்களில் இருந்ததையும் ஒப்புநோக்கித் திரட்டினார்கள். ஓதுவோர் மறைவதற்கு முன் திரட்டிவிட வேண்டும் என்ற அச்சமே தயக்கத்தை வென்றது.

1877இல் எடிசன் ஒலிப்பதிவுக் கருவியைக் கண்டார். முதலில் ஊதுகுழல் போன்ற வாயினுள் உரக்கப் பாட வேண்டியிருந்தது; குரலின் விசையே ஊசியை அசைத்துப் பள்ளம் வெட்டும். 1925 அளவில் ஒலிவாங்கியும் மின்பெருக்கியும் பதிவில் நுழைந்தன. மெல்லப் பேசும் குரலும் பதிவாயிற்று. ஆனால் அக்கால இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் அடங்கியது மூன்று, நான்கு நிமிடங்களே. ஆகவே பாடுவோர் தட்டுக்கு ஏற்பப் பாட்டைச் சுருக்கக் கற்றனர். கருவி மனிதனுக்குப் பணிவது போலவே மனிதனும் கருவிக்குப் பணிந்த கதை இது.

எகிப்தில் 1944இல் ஹலீம் எல்-தப் என்னும் இளைஞர், கம்பியில் பதியும் கருவி ஒன்றைக் கெய்ரோவில் வானொலியாரிடம் இரவல் பெற்று, மகளிர் நடத்தும் ‘ஸார்’ என்னும் சடங்கின் பாடலைப் பதிந்தார். பின் அதன் ஓசையில் சிலவற்றை நீக்கியும் எதிரொலியைக் கூட்டியும் புதியதோர் ஒலியுருவம் ஆக்கினார். இன்று ஒலிக்கூடங்களில் கற்பிக்கப்படும் கலையின் மிகப் பழைய முன்மாதிரிகளுள் அதுவும் ஒன்று. பனூ மூஸா சகோதரர் ஒன்பதாம் நூற்றாண்டில் தானே இசைக்கும் குழற்கருவியை அமைத்த பக்தாதையும், இசையின் கணிதத்தை விரித்து ‘கிதாபுல் மூஸீகா அல்கபீர்’ எழுதிய ஃபாராபியையும் எண்ணிப் பார்த்தால், ஒலிநுட்பம் நமக்கு அயலான வீட்டுப் பிள்ளையன்று என்பது புலனாகும்.

அதே கெய்ரோவில் லபீப் ஸயீத் என்னும் அறிஞர் பெரிய முயற்சி ஒன்றில் இறங்கினார். முறையாக ஓதும் கலை நாவழியாகத் தேய்ந்துவிடலாகாது என்ற கவலை அவருக்கு. அதன் பயனாக மஹ்மூத் கலீல் அல்ஹுஸரீ (ரஹ்) அவர்களின் குரலில் திருக்குர்ஆன் முழுவதும் பதிவு செய்யப்பட்டு 1961இல் வெளிவந்தது. அம்முயற்சிக்கு அவர் சூட்டிய பெயர் ‘முதல் ஒலித் திரட்டு’ என்று பொருள்படுவது. ஸித்தீக் (ரலி) அவர்கள் காலத்துத் திரட்டலை நினைவில் வைத்தே அப்பெயர் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

அதே 1961இல்தான் தூத்துக்குடியின் கடைசி முத்துக்குளிப்பும் நடந்தது. சிப்பிப் பார்கள் வறண்டன. கல்லைக் காலில் கோத்துக் கடலடிக்கு இறங்கியவரும், தோணியில் கயிறு பிடித்து நின்றவரும் கரையேறினர். அவர்களோடு தோணித்துறையின் அம்பாப் பாட்டும் பெரும்பாலும் கரையேறிப் போயிற்று. ஓரிடத்தில் ஒரு குரல் நிலைபெற்ற ஆண்டிலேயே மற்றோரிடத்தில் ஒரு தொழிலின் குரல்கள் ஓயத் தொடங்கின. அவற்றை இங்கேயே இருந்து பதிவு செய்யக் கற்றவர் நம்மிடையே அன்று இல்லை.

கடல்வழி வந்த பாடம்

கருவி இல்லாவிடினும் இக்கரைக்குக் காது இருந்தது. மத்திய அலை வானொலி நிலத்தின் மீது செல்வதைவிட உப்புநீரின் மீது குறைந்த இழப்போடு செல்லும். ஆகவே கொழும்பிலிருந்து ஒலிபரப்பான இலங்கை வானொலி, எதிர்க்கரையான நமக்குத் தெளிவாகக் கேட்டது. திருநெல்வேலியில் அகில இந்திய வானொலி நிலையம் தோன்றியது 1963இல்தான். அதற்கு முன்பும் பின்பும் கொழும்பே நம் கரையின் ஒலிப்பள்ளி எனலாம். பி.எச். அப்துல் ஹமீது போன்ற அறிவிப்பாளர்களின் திருத்தமான உச்சரிப்பைக் கேட்டு ‘ல, ள, ழ’ வேறுபாட்டைச் சரிசெய்துகொண்ட பிள்ளைகளை நாம் அறிவோம்.

நாகூர் இ.எம். ஹனீஃபா (1925–2015) அவர்களின் வெண்கலக் குரலும், காயல் ஏ.ஆர். ஷேக் முஹம்மது அவர்களின் குழைந்த குரலும் இசைத்தட்டாகவும் ஒலிநாடாவாகவும் வீட்டுக்கு வீடு நுழைந்தன. அவற்றை ஊருக்கு எடுத்துச் சென்றவர் மைக்செட்காரர். நம் ஊர்களின் முதல் ஒலிப்பொறியாளர் அவரேயாவார். அவருக்குப் பள்ளியுமில்லை, பாடநூலுமில்லை. முதலாளியோடு மிதிவண்டியில் குழாய் ஒலிபெருக்கியைக் கட்டிச் சென்று கற்றவர். குழாயின் வாய் ஒலிவாங்கியைப் பார்த்தால் கூச்சல் எழும்; பந்தலின் எந்த மூலையில் ஓசை தேங்கும்; மௌலூது ஓதும் முதியவரின் மெல்லிய குரலுக்கு எந்தத் திருகை எவ்வளவு திருப்ப வேண்டும்; இவை யாவும் அவருக்குக் கைவந்தவை. பார்த்துக் கற்றார், கேட்டுத் திருந்தினார், பின் தம்மிடம் வந்த பையனுக்குச் சொல்லித் தந்தார். அதுவும் ஓர் இஸ்னாதே.

அழிந்த நாடாவும் எஞ்சிய நாடாவும்

கேசட் என்னும் சிறு ஒலிநாடாப் பேழையை ஃபிலிப்ஸ் நிறுவனத்தார் 1963இல் அறிமுகம் செய்தனர். வளைகுடா நாடுகளுக்குப் பிழைக்கச் சென்ற நம்மவர் திரும்புகையில் டேப் ரிக்கார்டரைக் கொண்டுவந்தனர். கடிதம் எழுத அறியாத தாய் தன் குரலையே கடிதமாக அனுப்பிய காலம் அது. அந்நாடாக்களில் தாலாட்டும் முனாஜாத்தும் குடும்பச் செய்தியும் ஒருங்கே இருந்தன. ஆனால் பதிவுப் பொத்தானை மறுபடி அழுத்தினால் முன்னிருந்ததைக் காந்தமுனை துடைத்துவிடும். மறுமொழி பதிவதற்காகத் தாயின் குரல் துடைக்கப்பட்டது. எத்தனை வீடுகளில் எத்தனை குரல்கள் இவ்வாறு மறைந்தன என்பதை அல்லாஹ்வே அறிவான்.

நமது பிழையையும் இங்கே மறைப்பதற்கில்லை. 1980களின் இறுதியில் நாம் ஓதிக்கொண்டிருந்த மதரஸாவில் முதிய உஸ்தாத் ஒருவர் இருந்தார்கள். எழுத்துகளின் மக்ரஜ் அவர்கள் நாவில் பளிங்குபோல் விளங்கும். உடன் ஓதிய ஒரு மாணவர், தம் தந்தை கொண்டுவந்த டேப் ரிக்கார்டரில் உஸ்தாதின் ஓதலைப் பதியலாமா என்று கேட்டார். தடுத்தவர்களுள் நாமும் ஒருவர். சினிமாப் பாட்டு ஏறிய நாடாவில் இறைவசனம் ஏறுவதா என்றோம். நாளை அதன்மேல் வேறெதையும் பதிந்துவிட்டால் அவமதிப்பாகுமே என்றோம். நம் பேணுதலைக் கண்டு நாமே மகிழ்ந்தோம். உஸ்தாத் அவர்கள் ஒன்றும் சொல்லவில்லை. புன்னகைத்து அடுத்த பாடத்துக்குச் சென்றார்கள். மூன்றாண்டுகளில் அவர்கள் வஃபாத்தானார்கள். இன்னாலில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன்.

சில ஆண்டுகளுக்கு முன், நம்மிடம் ஓதிப் பின்னர் சென்னையில் ஒலிப்பதிவுக் கல்வி பயின்ற இளைஞர் ஒருவர் நம் வீட்டுக்கு வந்தார். ஒரு மைக்செட் கடையின் பழைய பெட்டியில், எப்போதோ நடந்த நிக்காஹ் மஜ்லிஸின் ஒலிநாடா அவருக்குக் கிடைத்திருந்தது. அதன் கடைசியில் பதினொரு நிமிடம் நம் உஸ்தாதின் துஆ! மின்விசிறியின் இரைச்சலும் மின்சாரத்தின் உறுமலும் மேலே ஏறி, குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவது போலிருந்தது. அவர் கணிப்பொறியில் அதைத் தூய்மை செய்து கொண்டுவந்திருந்தார். கேட்டோம். தூய்மையாகத்தான் இருந்தது, ஆனால் அது உஸ்தாத் அல்லர்.

காரணத்தை அவரே விளக்கினார். நம் நாட்டு மின்சாரம் நொடிக்கு 50 முறை அதிர்வது. அதன் உறுமல் 50இலும் அதன் மடங்கான 100இலும் ஏறும். ஆண்குரலின் அடியொலியும் 100ஐ ஒட்டியே நிற்கும். உறுமலைச் சீவியபோது குரலின் உடலும் சேர்ந்து மெலிந்தது. நாம் கண்டது மற்றொன்று. தஜ்வீதில் மூச்சுக்காற்று உடன் ஓட ஒலிக்கும் 10 எழுத்துகளுக்கு ஹம்ஸ் என்னும் பண்பு உண்டு. ஹே, ஃபே, ஸே முதலியன அவை. விசிறியின் காற்றும் காற்றே, உஸ்தாதின் மூச்சும் காற்றே. கணிப்பொறி இரண்டையும் ஒன்றெனக் கருதித் துடைத்துவிட்டது. “அஸ்ரத், எது விசிறி, எது உஸ்தாத் என்று எந்திரத்துக்குத் தெரியாது, எனக்கும் தெரியாது. நீங்கள்தான் சொல்ல வேண்டும்” என்றார் அவர்.

இரண்டு இரவுகள் அருகிருந்து கேட்டோம். இங்கே மூச்சு உண்டு, இங்கே நிறுத்தம் உண்டு, இந்த நீட்டல் இன்னும் நீளும் என்று நாம் சொல்ல, அவர் துடைத்ததைச் சிறிது சிறிதாகத் திரும்ப விட்டுவந்தார். முடிவில் இரைச்சல் ஓரளவு எஞ்சியது, உஸ்தாதும் எஞ்சினார்கள். நாம் அழுதோம் என்பதைச் சொல்வதில் வெட்கமில்லை. நாம் தடுத்ததை அல்லாஹ் ஒரு மைக்செட் கடைக்காரரைக் கொண்டு காத்தான். ஆனால் கேட்டவர் ஒருவர் உயிரோடு இல்லாதிருப்பின், அந்நாடாவிலிருந்து அவர்களை யார் பிரித்தெடுத்திருக்க முடியும்?

கற்பிக்க வேண்டியது

தமிழகத்தில் ஒலிக்கல்வி முறையாகத் தொடங்கி நெடுநாளாயிற்று. சென்னையின் தொழில்நுட்பக் கல்விக்கூடத்தில் 1940களிலேயே ஒலிப்பொறியியல் பாடம் தோன்றியது, இன்றைய எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரிக்கு அதுவே வேர். தனியார் துறையில் ஏ.ஆர். ரஹ்மான் 2008இல் கே.எம். இசைக் கல்லூரியைத் தொடங்கி, இசையோடு இசைத் தொழில்நுட்பத்தையும் பாடமாக்கினார். 1967இல் பிறந்து, சிறு வயதிலேயே தந்தையை இழந்து, தந்தை விட்டுச்சென்ற இசைக்கருவிகளின் வாடகையில் வாழ்ந்த குடும்பத்துப் பிள்ளை அவர். பிறரிடம் கருவி வாசித்தே தொழில் கற்று, 1989இல் வீட்டை ஒட்டியே ஒலிக்கூடம் அமைத்துக்கொண்டார். 2009இல் அவருக்கு ஆஸ்கர் விருது கிடைத்த அதே படத்துக்காக, புனே திரைப்படக் கல்லூரியில் ஒலிப்பதிவு பயின்ற கேரளத்து ரசூல் பூக்குட்டியும் விருது பெற்றார். இருவரும் நம் சமுதாயத்தவர் என்பதில் பெருமை கொள்வதோடு நின்றுவிடலாகாது. எவ்வாறு கற்றனர் என்பதே நமக்குப் பாடம்.

இசை கூடுமா, கூடாதா என்னும் பழைய விவாதத்தை நாம் இங்கே தீர்க்க வரவில்லை. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் இஹ்யாவில் செவிமடுத்தலுக்கெனத் தனிப்பகுதியே வகுத்து, கேட்கப்படுவது யாது, கேட்பவர் யார், நோக்கம் யாது என்று பிரித்துப் பார்த்தார்கள். அந்த நிதானம் நமக்குப் போதும். ஒலிப்பதிவு என்னும் நுட்பம் இசைக்கு மட்டும் உரியதன்று. ஓதலுக்கும், உரைக்கும், மூதாட்டியின் தாலாட்டுக்கும், கடலோடியின் பாட்டுக்கும் அது உரியது.

நம் கரையூர்களில் இதைக் கற்பிப்போர் மூன்றைக் கற்பிக்க வேண்டும் என்பது நமது துணிபு.

முதலாவது செவி. மனிதச் செவி கேட்கும் மேலெல்லை நொடிக்கு 20,000 அதிர்வு. அதன் இருமடங்குக்கு மேலாக மாதிரி எடுத்தால்தான் அவ்வொலி முழுதாகப் பதிவாகும் என்பதால், 1982இல் வந்த குறுந்தகட்டில் நொடிக்கு 44,100 முறை மாதிரி எடுக்கின்றனர். இதை ஒரு நாளில் சொல்லிக்கொடுத்துவிடலாம். ஸீனுக்கும் ஸாதுக்கும், லகரத்துக்கும் ழகரத்துக்கும் உள்ள வேறுபாட்டைக் கேட்கும் செவியை ஒரு நாளில் தர இயலாது. அதனைத் தரவல்லோர் ஓதப் பள்ளியிலும் இசையரங்கிலும் இருக்கின்றனர். ஒலிக்கல்வி அவர்களிடமும் செல்லட்டும்.

இரண்டாவது இஸ்னாத். பதிவு செய்தவர் யார், பாடியவர் யார், எவரிடம் கற்றார், எந்த ஊர், எந்த நாள், அருகிருந்து கேட்டவர் யார் என்பவற்றை ஒவ்வொரு பதிவோடும் எழுதிவைக்க வேண்டும். ஒருவர் சொல்லாததை அவர் குரலிலேயே சொல்லவைக்கும் எந்திரங்கள் இப்போது வந்துவிட்டன. இட்டுக்கட்டிய ஹதீஸை இனங்காண நம் இமாம்கள் வகுத்த வழி, அறிவிப்பாளர் தொடரை ஆராய்வது. குரலுக்கும் அவ்வழி தேவைப்படும் காலம் வந்துவிட்டது.

மூன்றாவது அமானிதம். பதிந்த மூலத்தில் கைவைக்கலாகாது. படியெடுத்து அதில்தான் திருத்த வேண்டும். பாடியவர், குறிப்பாக வீட்டுப் பெண்கள், இசைந்தால்தான் வெளியிட வேண்டும்; இசையாவிடில் குடும்பத்துக்குள் காத்துவைக்க வேண்டும். துடைப்பது எளிது, துடைத்ததை மீட்பது அரிது.

கடலடியில் சிப்பிகள் ஓய்ந்துவிட்டன. ஆனால் காயலிலும், புன்னைக்காயலிலும், தூத்துக்குடித் துறையிலும் முதியோர் நாவுகளில் இன்னும் முத்துகள் இருக்கின்றன. மூழ்கி எடுப்பதற்குப் பிள்ளைகள் ஆயத்தமாக நிற்கின்றனர். கயிறு பிடிக்க வேண்டியவர் நாம். அன்று நாம் செய்த பிழையை இன்று பிள்ளைகளிடம் செய்யாதிருப்போமாக.

எழுதுகோலைக் கொண்டு கற்பித்த வல்ல இறைவன், செவியைக் கொண்டும் நமக்குக் கற்பித்து, மறைந்த நம் உஸ்தாதுகளின் மண்ணறைகளை ஒளிமயமாக்கி அருள்வானாக! ஆமீன்.